ராசிக்கம்பு

கெலிஓயா,
09.06.2024

மதிப்புக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

சுகிர்தாவின் கலியாணத்துக்கு நீங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து கொண்டுவந்து எங்கள் வாசலில் பந்தலுக்கு ஊன்றிய கன்னிக்கால் மரத்தில் பூச்சி விழுந்துவிட்டது.

நலம் விசாரிக்கும் முன்பே இதை எழுதுவது முறையில்லை என்று தெரியும். சரக்கில் குறை இருந்தால் முதல் வரியிலேயே சொல்லிவிடுவது என் தொழிற்பழக்கம். நான் சுகமாக இருக்கிறேன். உங்கள் சுகம், சம்பந்தியம்மாவின் முழங்கால் வலி, மருமகன் யதுர்சன், அவர் தங்கை பிரியாந்தினி எல்லோரையும் பற்றி எழுதுங்கள். என் மகள் காலையில் நேரத்துக்கு எழும்புகிறாளா என்று அவளைக் கேட்டால் பொய் சொல்வாள். அதையும் நீங்களே எழுதுங்கள்.

போன ஆவணியில் ஊன்றிய கம்பு ஒரு மாதத்தில் துளிர்த்தது. பொங்கலுக்குள் கூரை உயரம் வந்துவிட்டது. "கன்னிக்கால் இப்பிடித் தழைச்சா மக வாழ்க்கையும் தழைக்கும்" என்று கடைக்கு வருகிறவர்களெல்லாம் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்கள். எனக்கும் சந்தோஷம்தான். சித்திரைக்குப் பிறகு வந்த குருத்து மட்டும் விரியவே இல்லை. இலை சுருண்டு தடித்துவிட்டது. காம்பு கச்சான் கடலைக் கோது மாதிரி வீங்கியிருக்கிறது. கொப்புளம் ஒன்றைக் கீறினேன். உள்ளே வெள்ளைப் புழு. இன்னொன்றை மூடியுள்ள போத்தலில் போட்டு வைத்தேன். இரண்டு நாளில் எள்ளைவிடச் சின்னக் குளவிகள் அதற்குள் பறந்தன.

நாங்கள் கலியாண முருங்கை என்பதை நீங்கள் முள்முருக்கு என்கிறீர்கள். மரம் ஒன்றுதான். என் தோட்டத்து மிளகுக்கொடி முழுதும் ஏறி நிற்பதும் இதே மரத்தில்தான். வாசலுக்கும் தோட்டத்துக்கும் நடுவில் ஒரு முள்வேலி. குளவிக்கு வேலி ஏது?

சுருண்ட இலைகளை ஒடித்து உரக்குழியில் போட்டிருக்கிறேன். இந்தக் கம்பை வெட்டிய, உங்கள் வளவில் இருக்கிற தாய்மரத்தில் இப்படிக் கண்டதுண்டா? கண்டிருந்தால் என்ன செய்தீர்கள்? போனில் கேட்டிருப்பேன். கலியாணக் காரியத்தைப் போனில் பேசினால் பேச்சு, எழுதினால் வாக்கு என்று தபால் கந்தோரில் முப்பது வருடம் இருந்த நீங்கள் சொன்னது நினைவிருக்கிறது.

பதிலுக்குக் காத்திருக்கும்,
பேச்சியம்மா


கொக்குவில்,
25.06.2024

அன்புள்ள சம்பந்தியம்மா அவர்கட்கு,

நல்லூரான் கிருபையால் இங்கு யாவரும் சுகம். தங்கள் சுகத்தையும் அவனே பார்த்துக்கொள்வான். தங்கள் கடிதம் ஐந்தாம் நாள் கைக்குக் கிடைத்தது. முத்திரை குத்தியவர் மை தொட மறந்துவிட்டார் போலும், திகதி தெரியவில்லை. என் காலத்தில் இப்படி ஒன்றை வெளியே விட்டிருக்க மாட்டேன்.

என் மனைவியின் முழங்கால் அப்படியே இருக்கிறது. சுகிர்தா நேரத்துக்கு எழும்புகிறா. நான் சொல்வது உண்மை.

மரத்தைப் பற்றி எழுதியிருந்தீர்கள். வாசித்து மனம் சங்கடப்பட்டது. என் தகப்பனாரின் கலியாணத்துக்கு ஊன்றிய கன்னிக்கால் எங்கள் கிணற்றடியில் மரமானது. என்னுடைய கலியாணம், என் தங்கைமார் இருவருடைய கலியாணம், கடைசியாக யதுர்சனுடையது எல்லாவற்றுக்கும் அந்த வளவுக் கம்பே போனது. எங்கள் பகுதியில் இதை அறியாதவர்கள் இல்லை. "நவரட்ணராஜா வீட்டு முருக்கு பட்டுப்போகாது" என்று ஒரு சொல்லே உண்டு. ஆகவே நோய் என்று தாங்கள் எழுதியது எனக்குப் புதினமாக இருக்கிறது. மலைநாட்டுக் குளிரும் ஈரமும் ஒத்துவராமல் இலை சுருங்கியிருக்கலாம். வேப்பெண்ணெயில் சவர்க்காரம் கரைத்துத் தெளித்துப் பாருங்கோ.

நல்ல செய்தி ஒன்று. பிரியாந்தினிக்குச் சம்பந்தம் முற்றாகிவிட்டது. மாப்பிள்ளை வவுனியாவில் பொறியியலாளர். தை மாதத்தில் நாள் வைத்திருக்கிறோம். அவவின் கன்னிக்காலுக்குத் தங்கள் வாசலில் நிற்கும் மரத்திலிருந்தே ஒரு கம்பு வர வேண்டுமென்பது என் ஆசை. தமையன் கலியாணத்தில் தழைத்த மரம் தங்கைக்குக் கம்பு கொடுப்பது எவ்வளவு பொருத்தம்! தை வரைக்கும் அதைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளுங்கோ.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மறவாத
சி. நவரட்ணராஜா


கெலிஓயா,
14.07.2024

மதிப்புக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

பிரியாந்தினியின் செய்தி கேட்டு மனம் நிறைந்தது. பிள்ளைக்கு என் ஆசீர்வாதம். இங்கே மழை விட்டுவிட்டுப் பெய்கிறது. எனக்குத் தடிமன் வந்து போய்விட்டது, வேறு குறையில்லை.

வேப்பெண்ணெய் தெளித்தேன். இலை பளபளவென்று இருக்கிறது, குளவி உள்ளே பத்திரமாக இருக்கிறது. பிறகு விவசாயப் போதனாசிரியரைக் கூப்பிட்டேன். டிலானி என்று ஒரு பிள்ளை, தமிழ் நன்றாகப் பேசுகிறது. போத்தலைப் பார்த்ததும் அதன் முகம் மாறிவிட்டது. உரக்குழியைக் காட்டினேன்.

"அம்மா, ஒடிச்சுப் போட்டா செத்துருமா? உள்ள இருக்கிறது வளர்ந்து வெளிய வரும். நீங்க அதுக்கு வீடு கட்டிக் குடுத்திருக்கீங்க" என்றது.

அன்றே குழியைக் கிளறி எரித்தோம். அதன் பிறகு அந்தப் பிள்ளை மூன்று கேள்வி கேட்டது. இது எங்கேயிருந்து வந்தது? இங்கேயிருந்து எங்கெல்லாம் போயிருக்கும்? சும்மா விட்டால் எவ்வளவு போகும்? நானும் கொள்முதலுக்கு முன் கிட்டத்தட்ட இதைத்தான் கேட்பேன், ஆகவே அந்தப் பிள்ளையைப் பிடித்துப்போனது.

இரண்டாவது கேள்விக்குப் பதில் என்னிடமே இருந்தது, நல்ல பதில் இல்லை. சித்திரையில் வாசல் மரத்தைக் கவ்வாத்துப் பண்ணினேன். கலியாண வீட்டில் தழைத்த கம்பு ராசியானது என்று ஒழுங்கையில் ஏழெட்டு வீட்டார் மிளகு ஏற்ற ஆளுக்கு இரண்டு மூன்று கேட்டு வாங்கிப் போனார்கள். காசுக்கு விற்றிருந்தால் பாதிப்பேர் வாங்கியிருக்க மாட்டார்கள். ராசி என்றதால் எல்லோரும் வாங்கினார்கள். இப்போது வீடு வீடாகப் போய்த் திருப்பிக் கேட்கிறேன். பக்கத்துத் தோட்டத்து பஹீமிடம் முதலில் போனேன்.

"என்ன பேச்சி அக்கா, ராசிக்கம்புன்னு நீங்கதானே கையில தந்தீங்க. எங்கட பொஞ்சாதி ஹபீலா புள்ளைக்கு ஊத்துற மாதிரி தண்ணி ஊத்துறா. தந்த ராசிய திருப்பிக் கேக்கிறது நல்லமா?"

"ராசி ஒங்களுக்கே இருக்கட்டும் தம்பி. கம்ப மட்டும் தாங்க."

"அப்ப ராசிய எதுல ஏத்துறது?"

"கிளிரிசீடியா மரத்துல ஏத்துங்க. அதுக்கு இந்தப் பூச்சி வராதாம்."

சிரித்துக்கொண்டே பிடுங்கினார். குருத்தில் கொப்புளத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. அவருக்கும் தோட்டம் முழுக்கக் கலியாண முருங்கையில்தான் மிளகு.

சம்பந்தி, ஒளிக்காமல் சொல்கிறேன். களஞ்சியத்தில் ஈர மூட்டை ஒன்று அடுக்கில் இருந்தால் அந்த மூட்டைக்காக யாரும் கவலைப்படுவதில்லை. அதைத் தொட்டுக்கொண்டிருக்கிற மற்ற மூட்டைகளுக்காகத்தான் அதைத் தூக்கி வெளியே போடுகிறோம். வாசல் மரத்தை வெட்டி நின்ற இடத்திலேயே எரிக்க வேண்டும். அதிலிருந்து ஒரு குச்சிகூட பஸ் ஏறக்கூடாது. ஆகையால் பிரியாந்தினிக்கு அந்தக் கம்பைத் தர முடியாது. மரம் என் வாசலில் நிற்கிறது, கத்தியும் என்னிடம் இருக்கிறது. கேட்காமலே வெட்டியிருக்கலாம். என் மகள் உங்கள் வீட்டில் சாப்பிடுகிறாள், அதனால் கேட்கிறேன். சம்மதம் தாருங்கள்.

டிலானி கேட்ட முதல் கேள்வியை உங்களுக்கு அனுப்புகிறேன். தாய்மரம் எப்படி இருக்கிறது? அது கிணற்றடியில் நிற்கும்போது கெலிஓயாவிலிருந்து கம்பு எதற்கு என்பதும் எனக்கு விளங்கவில்லை.

உங்கள் வாக்கை எதிர்பார்க்கும்,
பேச்சியம்மா


கொக்குவில்,
08.09.2024

அன்புள்ள சம்பந்தியம்மா அவர்கட்கு,

சுகம், சுகமறிய விருப்பம். தங்கள் கடிதத்துக்கு இத்தனை நாள் பிந்தியதற்கு மன்னிக்கவும். நல்லூர்க் கொடியேற்றம் தொடக்கம் தீர்த்தம் வரை வீட்டில் விருந்தினர். கொழும்பிலிருந்தும் கனடாவிலிருந்தும் ஆட்கள். எழுதக் குந்தினால் யாராவது படலையைத் திறந்துகொண்டு வருவினம்.

வந்தவர்கள் எல்லோரும் சுகிர்தாவைக் கண்டு சந்தோஷப்பட்டார்கள். "மலைநாட்டுப் பிள்ளை எண்டு சொன்னியள், எங்கட பிள்ளை மாதிரியெல்லோ இருக்கிறா" என்று என் மூத்த தங்கை சொன்னா. கண்டியில் கன்னிக்கால் எப்படி நிற்கிறதென்று ஒவ்வொருவரும் கேட்டார்கள். கூரைக்கு மேல் போய்விட்டது என்றேன். அது பொய்யல்லவே.

சம்பந்தியம்மா, தாங்கள் வியாபாரி. நட்டம் லாபம் பார்ப்பதில் பிழையில்லை. ஆனால் தலைவருடம் கழிந்த கையோடு கலியாண மரத்தை வெட்டி எரித்தால் எங்கட ஆக்கள் அதை வெறும் மரமென்று பார்க்க மாட்டார்கள். இந்தச் சம்பந்தத்தை நான் பேசி முடித்தபோதே வாய் திறந்தவர்கள் உண்டு. இப்போது அந்த வாய்களுக்கு நாமே அவல் கொடுப்பதா? அந்தப் பேச்சு சுகிர்தாவின் காதிலும் விழும். தை வரை பொறுங்கோ. பிரியாந்தினியின் காரியம் முடியட்டும். பிறகு தங்கள் விருப்பம்.

தாய்மரம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். இந்தமுறை வெயில் கொடுமை. வளவில் எல்லா மரமும் வாடித்தான் நிற்கின்றன.

இப்படிக்கு,
சி. நவரட்ணராஜா


கெலிஓயா,
15.09.2024

அன்பு மகள் சுகிர்தாவுக்கு,

அம்மா நல்லாயிருக்கிறேன். கண்டி குட்ஷெட் நிலையத்து யாழ்ப்பாண பஸ்ஸில் அனுப்புகிற இந்தப் பொதியில் மிளகு, கராம்பு, உன் மாமிக்கு முழங்காலுக்குப் போடச் சாதிக்காய் எண்ணெய் இருக்கிறது. கடிதத்தை மிளகுப் பைக்குள் வைத்திருக்கிறேன். போனில் கேட்டால் நீ கூடத்தில் நின்றுகொண்டு "ம், ஓம், சரிம்மா" என்று மட்டும் சொல்கிறாய். அந்த வீட்டில் சுவருக்கும் காது இருக்கும் போல. ஆகவே எழுதிக் கேட்கிறேன்.

உன் மாமாவிடம் இரண்டு தரம் கேட்டும் பதில் வரவில்லை. கிணற்றடி முருக்கு மரத்தில் இலை சுருண்டிருக்கிறதா, காம்பு வீங்கியிருக்கிறதா என்று பார்த்து எழுது. யாருக்கும் தெரியாமல் செய்ய வேண்டிய காரியமில்லை, உடுப்புத் தோய்க்கப் போகும்போது தலையை நிமிர்த்திப் பார்த்தால் போதும்.

தோட்டத்தில் மேல் வரிசை மூன்றுக்கும் பூச்சி வந்துவிட்டது. கொடியை இறக்கிப் படுக்க வைத்துவிட்டு மரங்களை வெட்டி எரித்துவிட்டேன். இதை உன் மாமாவுக்கு இன்னும் எழுதவில்லை, நீயும் சொல்லாதே. வாசல் மரம் மட்டும் நிற்கிறது. கடையிலிருந்து கொசுவலை வாங்கி மரம் முழுக்க இரண்டு மடிப்பாகப் போர்த்திக் கட்டியிருக்கிறேன். பார்க்கிறவர்கள், "பேச்சி அக்கா மரத்துக்கும் நுளம்பு வலை கட்டிட்டாங்க" என்று சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். ஐப்பசி மழைக்கு ஊர் முழுக்கப் புதுக் குருத்து வரும். அதற்குள் இது போகாவிட்டால் கெலிஓயாவில் மிளகு ஏற்ற முருங்கை இருக்காது.

சாப்பிடு. நேரத்துக்கு எழும்பு.

அம்மா


கொக்குவில்,
22.09.2024

அன்புள்ள அம்மாவுக்கு,

பொதி வந்தது. நான் நல்ல சுகம். எண்ணெயை மாமி அன்று இரவே பூசினார், இன்னும் இருக்கிறதா என்று கேட்கச் சொன்னார்.

அம்மா, கிணற்றடியில் மரம் இல்லை.

அடிக்கட்டை மட்டும் இருக்கிறது, என் இடுப்பு உயரத்துக்கு. மாமி அதன் மேல்தான் சவர்க்காரப் பெட்டியை வைத்து உடுப்புத் தோய்ப்பார். ஒரு வருடமாக நானும் அதே கட்டையில்தான் வைக்கிறேன். அதுதான் அந்த மரம் என்று எனக்கே தெரியாது. உங்கள் கடிதம் வந்த பிறகு இவரிடம் கேட்டேன். முதலில் அறைக் கதவைச் சாத்தினார். பிறகு சொன்னார், எங்கள் கலியாணத்துக்கு முந்தின வருடமே இலையெல்லாம் கொப்புளம் வந்து பட்டுப்போனதாம். மாமா ஆள் பிடிக்காமல் தானே வெட்டினாராம். அங்கே நம் வாசலில் ஊன்றிய கம்பு இணுவில் பக்கம் யாரோ ஒருவருடைய தோட்ட வேலியில் வெட்டினது. வான் வண்டியில் ஏற்றும்போது அதில் நோய் ஒன்றும் தெரியவில்லையாம்.

"அப்பாட்டக் கேட்டுடாத" என்றார் இவர். "அந்த மரத்தப் பற்றி அவர் எங்களோடயே கதைக்கிறேல்ல." சொந்தக்காரர் வந்தால் மாமா கிணற்றடிப் பக்கம் கூட்டிப் போவதில்லை. மாமிக்கும் பிரியாந்தினிக்கும் தெரியும். தெரிந்த மாதிரி யாரும் காட்டிக்கொள்வதில்லை. அதனால்தான் உங்கள் மரத்திலிருந்து கம்பு கேட்கிறார் என்று நினைக்கிறேன். இப்போது அவருக்கு இருக்கிறது அந்த ஒன்றுதான்.

மாமா கெட்டவர் இல்லை அம்மா. காலையில் பத்திரிகைக் குறுக்கெழுத்தில் பாதியை நிரப்பிவிட்டு மீதியை எனக்கென்று விட்டு வைப்பார். லேசானதை மட்டும்தான் விடுவார். நான் சொன்னதாக இது வெளியே வர வேண்டாம். வந்தால் அவருக்கு என் முகத்தைப் பார்க்க முடியாமல் போகும், எனக்கும் அவர் முகத்தை.

அன்புடன்,
சுகிர்தா


கெலிஓயா,
29.09.2024

மதிப்புக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

இங்கே நலம். அங்கே எல்லோரும் நலமாக இருக்கக் கண்டியிலிருந்தே கதிர்காமத்தானை வேண்டுகிறேன். திருவிழா நல்லபடி முடிந்ததில் சந்தோஷம்.

தை வரை பொறுக்கச் சொன்னீர்கள். பொறுக்க முடியாது. தோட்டத்தில் மேல் வரிசைகளை ஏற்கெனவே வெட்டிவிட்டேன். ஐப்பசி மழையில் குருத்து வந்தால் மற்றவர்களுடையதும் போகும். பஹீம் நல்ல மனுஷன், வாய் திறந்து ஒன்றும் கேட்கவில்லை. தினமும் வேலிப் பக்கம் வந்து என் வாசல் மரத்தைப் பார்த்துவிட்டுப் போகிறார். கேட்டிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். பார்த்துவிட்டுப் போகிறவருக்கு என்ன சொல்ல?

உங்கள் கஷ்டத்தையும் யோசித்தேன். நான் தனியாக வெட்டினால், பேச்சியம்மா கலியாண மரத்தை வெட்டினாள் என்று ஊர் சொல்லும். அது என் மகள் தலையில் விழும். ஆகவே ஒரு வழி சொல்கிறேன். வியாபாரப் பேச்சாகவே எடுத்துக்கொள்ளுங்கள்.

கம்பு வந்த மூலமும் அழிய வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த கலியாணத்துக்கு இதே பூச்சி வேறு ஊருக்குப் போகும் என்று டிலானி சொல்கிறது. ஆகையால் நான் என் வாசல் மரத்தை வெட்டுகிறேன். அதே நாளில் நீங்கள் உங்கள் தாய்மரத்தை வெட்டி, அடியோடு தோண்டி எரித்துவிடுங்கள். இரண்டு வீடும் பேசி எடுத்த முடிவு என்று உங்கள் ஆட்களுக்கு நீங்களே சொல்லுங்கள். நோய் வந்த மரம், மற்றவர் தோட்டம் கெடக்கூடாதென்று நாங்களே எடுத்துவிட்டோம் என்று தலை நிமிர்ந்து சொல்லலாம்.

மூன்று தலைமுறை மரத்தை வெட்டச் சொல்வது பெரிய கேள்வி என்று தெரியும். அதனால்தான் கேட்கிறேன். இரண்டு பக்கமும் சமமாகக் கொடுத்தால்தான் பிறகு ஒருவரை ஒருவர் குறை சொல்ல இடம் இருக்காது.

வெட்டும்போது ஆள் வைக்க வேண்டாம். வேலைக்கு வந்தவன் விறகுக்கென்று நாலு கிளையைக் கொண்டுபோய்விடுவான். வீட்டு மனிதரே செய்வது நல்லது. வேடிக்கை பார்க்கவும் யாரும் தேவையில்லை.

உங்கள் வாக்கைத் தாருங்கள்.
பேச்சியம்மா


கொக்குவில்,
20.10.2024

அன்புள்ள சம்பந்தியம்மா அவர்கட்கு,

தங்கள் கடிதம் சேமமாகக் கிடைத்தது. யாவரும் சுகம். என் மனைவி தங்கள் எண்ணெயால் படியேறுகிறா.

கடிதத்தைப் பலமுறை வாசித்தேன். கடைசிப் பகுதியை இன்னும் அதிகமுறை. நேற்றுப் பின்னேரம் கிணற்றடியில் கதிரை போட்டு இருந்தேன். வெகுநாளைக்குப் பிறகு. சுகிர்தா தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டு ஒன்றும் கேட்காமல் போனா.

எங்கள் தாய்மரத்தை எடுத்துவிடச் சம்மதிக்கிறேன். யதுர்சனும் நானுமே செய்வோம். ஆட்களுக்கு நானே சொல்கிறேன். மூத்த தங்கைக்கு முதலில் போனில் சொன்னேன்.

"அண்ணை, அப்பாவின்ர மரத்தையோ?" என்றா.

"ஓம், அப்பாவின்ர மரத்தைத்தான். சம்பந்தி வீட்டாரும் தங்கடையை வெட்டப் போகினம். மற்றவையின்ர தோட்டத்தையும் பார்க்க வேணுமெல்லோ" என்றேன்.

"அப்பா இருந்தாலும் இதைத்தான் செய்திருப்பார்" என்று சொல்லிப் போனை வைத்தா. சம்பந்தியம்மா, இந்த வார்த்தையை நான் எதிர்பார்க்கவில்லை.

இரண்டு காரியம் கேட்கிறேன். வெள்ளிக்கிழமை வேண்டாம், கார்த்திகை பிறந்த பிறகும் வேண்டாம். மற்றது பிரியாந்தினியின் கன்னிக்கால். அதற்கு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. தாங்கள் ஒரு வழி சொன்னால் கேட்பேன்.

யதுர்சன் கலியாணத்துக்குக் கம்பு ஏற்றியபோது நல்ல கம்பாகப் பார்த்தே ஏற்றினேன். அதில் நான் குறை வைக்கவில்லை.

தங்கள்,
சி. நவரட்ணராஜா


கெலிஓயா,
17.11.2024

மதிப்புக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

நாங்கள் நலம். உங்கள் எல்லோருடைய நலமும் மகள் போனில் சொன்னாள். போனில் பேசியது பேச்சு மட்டும்தான், வாக்கு இந்தக் கடிதத்தில் இருக்கிறது.

பேசியபடி புதன்கிழமை காலை வாசல் மரத்தை வெட்டினேன். அடுத்த நாள் தேர்தல் என்பதால் கூலிக்கு ஆள் தேடினாலும் கிடைத்திருக்காது. நானே வெட்டினேன். போன வருடம் இதை ஊன்றும்போது, புருஷன் இல்லாதவள் கை படக்கூடாது என்று என்னை ஒதுங்கி நிற்கச் சொன்னார்கள். வெட்டும்போது ஒருவரும் அப்படிச் சொல்லவில்லை. வலையை அவிழ்க்காமலே கிளையைத் தறித்து, வலையோடு சேர்த்து எரித்தேன். பஹீம் மண்ணெண்ணெய்ப் போத்தலோடு வேலியைத் தாண்டி வந்தார்.

"ராசி போகுதே அக்கா."

"போனா ஒங்க தோட்டத்துக்குத்தான் போகும். புடிச்சு வச்சுக்கங்க" என்றேன்.

எங்களது பச்சை மரம், இரண்டு நாள் கிடந்து புகைந்தது. உங்களது ஒரு மணித்தியாலத்தில் எரிந்து முடிந்ததாம். யாழ்ப்பாணத்து வெயிலில் நின்ற மரம், அப்படித்தான் எரியும். மாமியோடு போய்ச் சவர்க்காரம் வைக்க ஒரு சீமெந்துத் தட்டு வாங்கியதாகவும் சுகிர்தா சொன்னாள்.

டிலானி நேற்று வந்து பார்த்தது. ஒழுங்கையில் கொடுத்த கம்புகள் எல்லாம் திரும்பிவிட்டன. பஹீம் தோட்டத்தில் இரண்டு மரத்தில் கொப்புளம் இருந்தது, அவரே வெட்டிவிட்டார். மற்றவை சுத்தம். வருகிற சித்திரை வரை மாதம் ஒரு தரம் பார்க்க வேண்டுமாம். தப்பினோம் என்று இப்போதே சொல்ல முடியாது, தப்பலாம் என்று சொல்லலாம் என்றது. எனக்கு அது போதும்.

பிரியாந்தினியின் கன்னிக்காலுக்குப் பூவரசு போடுங்கள். இங்கே கோயில் ஐயரிடம் கேட்டேன், பால் மரமோ பூவரசோ முறைதான், முருக்குத்தான் வேண்டும் என்று எங்கேயும் இல்லை என்றார். உங்கள் ஐயரிடமும் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள். கிணற்றடியில் தோண்டிய குழி வெறுமையாகத்தானே இருக்கும். கலியாணம் முடிந்ததும் அந்தப் பூவரசை அதிலேயே ஊன்றிவிடுங்கள். நம் பேரப்பிள்ளைகளுக்குக் கம்பு வேண்டியபோது அது நிற்கும்.

தைக்கு நான் நேரில் வருகிறேன். வரும்போது மிளகு கொண்டுவருவேன், செடி கொண்டுவர மாட்டேன்.

நமக்குள் பேசி முடித்ததை எழுதி வைக்கிறேன், உங்களிடமும் ஒரு பிரதி இருக்கட்டும். கெலிஓயாவிலிருந்து கொக்குவிலுக்கோ கொக்குவிலிலிருந்து கெலிஓயாவுக்கோ இனி ஒரு கம்பும் போகாது. எந்தக் கலியாணத்துக்கும் அந்தந்த ஊர் மண்ணில் நிற்கிற மரமே. நட்டம் என்று ஒருவர் மற்றவரிடம் ஒன்றும் கேட்பதில்லை. கொடுத்த விலை, எங்கள் பக்கம் ஒரு மரம், உங்கள் பக்கம் ஒரு மரம். சரிக்குச் சரி.

பேச்சியம்மா